பெரிய எஸ்யூவி வாங்கும் முன் அகலத்தை எழுத்தில் கேளுங்கள்: சென்னை ஷோரூம் ஒன்றில் எனக்கு நேர்ந்தது

சென்னையின் பழைய அடுக்ககங்களில் தூண்களுக்கு நடுவே கார் நிறுத்துகிறவர்கள், மூன்று வரிசை இருக்கை கொண்ட பெரிய எஸ்யூவிக்கு முன்பணம் கட்டும் எண்ணத்தில் இருந்தால், அதற்கு முன் இதைப் படித்துவிட வேண்டும் என்பதற்காகவே எழுதுகிறேன். வண்டியின் அகலம் எவ்வளவு என்று நான் தெளிவாகக் கேட்ட கேள்விக்கு எழுத்திலேயே தவறான பதில் கொடுத்து, வீட்டுக்கு வந்து அளந்ததாகவும் கணக்குக் காட்டி, இருபது லட்ச ரூபாய்க்கு மேல் விலையுள்ள ஒரு வண்டியை என் தலையில் கட்டிவிட்டார்கள். ஷோரூமின் பெயரையும் வண்டியின் பெயரையும் இங்கே சொல்லவில்லை. புகார் நுகர்வோர் ஆணையத்தின் முன் இருப்பது ஒரு காரணம். வண்டியின் தரத்தில் எனக்குக் குறை எதுவும் இல்லை என்பது இன்னொரு காரணம். குறை முழுவதும் அதை விற்ற விதத்தில்தான்.

2015 டிசம்பர் வெள்ளத்தையும் 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் கொண்டுவந்த மழையையும் பார்த்த குடும்பங்களுக்கு உயரமான வண்டி வேண்டும் என்ற எண்ணம் வருவது இயல்பு. கனமழை எச்சரிக்கை வந்ததும் வேளச்சேரி மேம்பாலத்தின் ஓரத்தில் கார்கள் வரிசையாக வந்து நிற்கும் ஊர் இது. வயதான பெற்றோரும் பிள்ளைகளும் ஒன்றாகப் போக ஏழு இருக்கையும் வேண்டியிருந்தது. ஷோரூமில் இந்தத் தேவையைப் புரிந்துகொண்டு தரையிலிருந்து வண்டிக்கு எவ்வளவு இடைவெளி, எவ்வளவு தண்ணீர் வரை போகலாம், மூன்றாம் வரிசையில் கால் நீட்ட எவ்வளவு இடம் என்றெல்லாம் மிக விரிவாக விளக்கினார்கள். அகலத்தைப் பற்றிய பேச்சை மட்டும் ஒவ்வொரு முறையும் நான்தான் எடுக்க வேண்டியிருந்தது.

எங்கள் வீடு மேற்கு மாம்பலத்தில், தரைத்தளத்தில் தூண்களுக்கு நடுவே கார் நிறுத்தும் ஸ்டில்ட் பார்க்கிங் உள்ள ஒரு பழைய கட்டடத்தில் இருக்கிறது. தமிழ்நாடு ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகள், 2019, ஒரு காருக்கு 2.5 மீட்டர் அகலமும் 5 மீட்டர் நீளமும் கொண்ட இடம் வேண்டும் என்கின்றன. ஆனால், பழைய கட்டடங்களில் வரைபடத்தில் உள்ள அகலத்தில் ஒரு பகுதியைத் தூண்கள் விழுங்கிவிடும். எங்கள் பார்க்கிங்கில் இரண்டு தூண்களின் உட்பக்கங்களுக்கு இடையே 4.7 மீட்டர்தான் இருக்கிறது; அதில் பக்கத்து வீட்டுக்காரரின் காரும் நிற்க வேண்டும். எனக்கு மிஞ்சுவது 2.35 மீட்டர். அதிலும் ஓட்டுநர் பக்கக் கதவு திறக்கும் இடத்துக்கு நேரே தூண் நிற்கிறது. இதுவரை வைத்திருந்த ஸ்விஃப்ட்டின் அகலம் 1,735 மி.மீ. என்பதால் இறங்குவதில் சிரமம் இருந்ததில்லை.

இந்த அளவுகளை எல்லாம் எழுதி, கண்ணாடிகளையும் சேர்த்து வண்டியின் மொத்த அகலம் என்ன என்று விற்பனையாளரிடம் வாட்ஸ்அப்பில் கேட்டேன். அவர் 1.9 மீட்டரை ஒட்டிய ஓர் எண்ணை அனுப்பி, “கண்ணாடியோட சேர்த்துதான் சார், உங்க ஸ்விஃப்டைவிட நாலு விரல்தான் அதிகம், தாராளமா நிக்கும்” என்று எழுதினார். அந்த எண், பக்கக் கண்ணாடிகளைச் சேர்க்காமல் கம்பெனி புரோஷரில் அச்சிட்டிருக்கும் உடற்பகுதியின் அகலம். அதையே எடுத்துக்கொண்டாலும் ஸ்விஃப்டைவிட ஏறத்தாழ ஒரு சாண் அதிகம். கண்ணாடிகளை விரித்து வைத்தால் வண்டி இரண்டு மீட்டரைத் தாண்டிவிடுகிறது.

எழுத்துப் பதிலோடு நிற்காமல் நேரில் வந்து அளந்து சொல்லவும் கேட்டிருந்தேன். நான் அலுவலகத்தில் இருந்த நேரத்தில் ஒருவர் டேப்போடு வந்து, தரையில் இருந்த மஞ்சள் கோட்டிலிருந்து தூணின் வெளிப்பக்கம் வரை இழுத்துப் பிடித்து, 8 அடி 8 அங்குலம் என்று படிவத்தில் எழுதி, ‘போதுமான இடம் உள்ளது’ என்ற கட்டத்தில் டிக் அடித்துவிட்டுப் போனார். உண்மையான இடம் ஏழே முக்கால் அடிகூட இல்லை. கூடுதலாக வந்த ஓர் அடி தூணின் கனம். பக்கத்தில் நின்ற அப்பா அன்று மாலையே, “தூணையும் சேர்த்து அளந்தாரேப்பா” என்று சொன்னார். உடனே ஷோரூமுக்குப் பேசினேன். படிவத்தில் இருப்பது உட்பக்க அளவுதான் என்று மேலாளரே தொலைபேசியில் உறுதி சொன்னார்.

டெஸ்ட் டிரைவ் வண்டியை எங்கள் இடத்தில் ஒரு முறை நிறுத்திப் பார்க்க வேண்டும் என்பது என் அடுத்த கோரிக்கை. வண்டியை எங்கள் தெருமுனை வரை கொண்டுவந்தார்கள். காம்பவுண்டுக்குள் ஏற்ற டெமோ வண்டியின் இன்சூரன்ஸ் இடம் தராது என்று சொல்லி, கிண்டியிலிருந்து ஜி.எஸ்.டி. சாலையில் ஓட்டிப் பார்க்கச் சொன்னார்கள். அப்படி ஒரு நிபந்தனை எந்தப் பாலிசியில் இருக்கிறது என்று பிறகு ஆணையத்தின் மூலம் கேட்டிருக்கிறேன், பதில் வரவில்லை. அகலமான நெடுஞ்சாலையில் எந்தப் பெரிய வண்டியும் சொன்னபடி கேட்கும். அதில் ஓட்டிக் காட்டுவது, மாம்பலத்திலும் திருவல்லிக்கேணியிலும் குடியிருப்பவர்களுக்கு எந்த விதத்திலும் உதவாத சோதனை.

டெலிவரி எடுத்து வந்த அன்று மாலை உண்மை தெரிந்தது. வண்டி உள்ளே நுழைந்தது. கண்ணாடிகளை மடக்கி, பக்கத்துக் காருக்கு ஒரு கை அகலம் மட்டும் விட்டு ஒட்டி நிறுத்திய பிறகும், ஓட்டுநர் கதவு முதல் கட்டத்தைத் தாண்டித் திறக்கவில்லை. கதவின் விளிம்பு தூணில் போய் நின்றது. அந்த இடுக்கில் ஒரு தோளைச் சாய்த்து, வயிற்றை உள்ளே இழுத்து, பின்னங்காலை ஸ்டீயரிங்குக்கு அடியிலிருந்து எடுத்தால்தான் இறங்க முடிகிறது. அம்மாவால் அது முடியவே முடியாது. அவருக்குக் கதவு முழுவதும் திறந்தாக வேண்டும்; ஒரு கையால் மேல் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இரண்டு கால்களையும் வெளியே திருப்பிய பிறகுதான் எழுந்து நிற்பார். இப்போது வாசலில் இறங்கி நிற்கிறார், பின்னால் வரும் வண்டிகள் ஹாரன் அடிக்கின்றன.

கம்பெனிகள் வெளியிடும் ‘மொத்த அகலம்’ என்பது பொதுவாகப் பக்கக் கண்ணாடிகளை நீக்கிய அளவு. மத்திய மோட்டார் வாகன விதிகளின் 93ஆம் விதி வாகனத்தின் அகலத்துக்கு 2.6 மீட்டர் என்று உச்சவரம்பு வைக்கும்போதும் கண்ணாடிகளை அந்தக் கணக்கில் சேர்ப்பதில்லை. ஆகவே புரோஷரில் அந்த எண்ணை அச்சிடுவதில் முறைகேடு ஒன்றும் இல்லை. அதையே கண்ணாடியோடு சேர்ந்த அளவு என்று வாடிக்கையாளரிடம் சொல்வதுதான் முறைகேடு. சில நிறுவனங்கள் இரண்டையும் தனித்தனியாகவே தருகின்றன: லேண்ட் ரோவர் டிஃபெண்டருக்குக் கண்ணாடி மடக்கிய நிலையில் 2,008 மி.மீ. என்றும் விரித்த நிலையில் 2,105 மி.மீ. என்றும் குறிப்பிடுகிறார்கள். எல்லா ஷோரூமிலும் இந்த இரண்டு எண்களையும் கேட்டு வாங்க வேண்டும்.

நம் நாட்டில் கார் வாங்குகிறவர்களுக்கு நீளம் பழகிப்போன அளவு. 2006 மத்திய பட்ஜெட்டில் நான்கு மீட்டருக்குள் அடங்கும் சிறிய கார்களுக்கு உற்பத்தி வரியைக் குறைத்ததிலிருந்து, ‘நாலு மீட்டருக்குள்ளா, வெளியிலா’ என்ற கேள்வி வீட்டுக் கூடம் வரை வந்துவிட்டது. அகலத்துக்கு அப்படி ஒரு வரிக்கோடு இல்லாததால் அது பேச்சில் வருவதே இல்லை. கண்ணால் பார்த்தும் கணிக்க முடியாது. டொயோட்டா ஃபார்ச்சூனர் 4,795 மி.மீ. நீளமும் 1,855 மி.மீ. அகலமும் கொண்டது, அதைவிட 19 செ.மீ. குட்டையான டாடா ஹேரியரின் நீளம் 4,605, அகலமோ 1,922 மி.மீ. ஃபார்ச்சூனர் நிற்கிற இடத்தில் ஹேரியர் நின்றுவிடும் என்று பார்வையை நம்பி முடிவெடுத்தால் ஏமாற்றம்தான். மஹிந்திரா ஸ்கார்பியோ-என் 1,917, பழைய வடிவத்தில் வரும் ஸ்கார்பியோ கிளாசிக் 1,820. பெயர் ஒன்றாக இருந்தாலும் இடையில் கிட்டத்தட்ட பத்து செ.மீ. வேறுபாடு. ஏழு பேர் போக வேண்டும், இடமும் குறுகல் என்பவர்களுக்கு 1,830 மி.மீ. அகலமுள்ள இன்னோவா கிரிஸ்டா என் வண்டியைவிடப் பொருத்தமாக இருந்திருக்கும். நான் இடத்தின் அளவைச் சொன்னபோதே நேர்மையான விற்பனையாளர் இது உங்களுக்கு ஒத்துவராது என்று சொல்லியிருக்க வேண்டும்.

தெருவில் ஓட்டும்போதும் அகலம் விடுவதில்லை. இருபது அடித் தெரு என்பது 6.1 மீட்டர். இரு பக்கமும் சிறிய கார்கள் சுவரிலிருந்து கொஞ்சம் தள்ளி நின்றால் ஒவ்வொரு பக்கமும் 1.9 மீட்டர் போய்விடும்; நடுவில் மிஞ்சுவது 2.3 மீட்டர். கண்ணாடி விரித்த பெரிய எஸ்யூவி 2.1 மீட்டருக்கு மேல் கேட்கும். இரு பக்கமும் ஐந்து விரற்கடைகூடத் தாராளமாக இல்லாத அந்த வழியில், எதிரே 1.3 மீட்டர் அகலமுள்ள ஓர் ஆட்டோ வந்தாலே யாராவது ஒருவர் பின்னால் போக வேண்டும். துரைசாமி சுரங்கப்பாதையிலும், மெட்ரோ பணிக்கான தடுப்புகள் ஆற்காடு சாலையைக் குறுக்கிய இடங்களிலும், வலது பக்கம் அமர்ந்திருக்கும் ஓட்டுநருக்கு உயர்ந்த பானெட்டின் இடது முன்மூலை கண்ணில் படாது. இடது புறம் நுழையும் இருசக்கர வாகனக்காரரின் முழங்கை எங்கே இருக்கிறது என்பதைக் கேமரா படத்தை வைத்துச் சரியாகச் சொல்ல முடியாது. அந்தப் படம் ஓரங்களில் இழுபட்டுத் தெரியும். நான் கவலைப்படுவது வண்டியின் பெயின்ட்டுக்காக அல்ல, அந்த முழங்கைக்காக. கீறலுக்கு இன்சூரன்ஸில் பணம் கேட்டால், கேட்காதவர்களுக்குப் பிரீமியத்தில் கிடைக்கும் நோ கிளெய்ம் போனஸ் என்ற தள்ளுபடி போய்விடும் என்பது தனி.

மேலாளரிடம் திரும்பப் போனபோது, புக்கிங் படிவத்தின் பின்பக்கத்தில் ‘அளவுகள் தோராயமானவை’ என்று மிகச் சிறிய எழுத்தில் இருந்த வரியைக் காட்டினார். வாட்ஸ்அப் பதிலைக் காட்டினால், அது ஊழியரின் தனிப்பட்ட கருத்து என்றார். பதிவு முடிந்துவிட்டதால் பழைய வண்டியாக மட்டுமே எடுத்துக்கொள்வோம் என்று சொல்லி, பல லட்சம் குறைத்து ஒரு விலை கேட்டார். தமிழ்நாட்டில் இருபது லட்சத்துக்கு மேல் விலையுள்ள காருக்கு வாழ்நாள் வரி 20 சதவீதம். 22 லட்ச ரூபாய் வண்டிக்கு 4,40,000 ரூபாய். அந்தப் பணமும் என் கைக்குத் திரும்பாது. மாதக் கடைசிக்குள் பதிவு முடிந்தாக வேண்டும், இல்லையென்றால் விலை ஏறிவிடும் என்று அவர்கள் அவசரப்படுத்தியது எதற்காக என்பது அப்போது புரிந்தது.

எனவே, வண்டி வாங்கப் போகிறவர்கள் இன்வாய்ஸ் போடுவதற்கு முன்பே, அதாவது புக்கிங்கை ரத்து செய்யும் வாய்ப்பு இன்னும் கையில் இருக்கும்போதே, டெமோ வண்டியைத் தங்கள் சொந்த இடத்தில் நிறுத்தச் சொல்லுங்கள். பக்கத்து வீட்டுக் காரும் வழக்கமான இடத்தில் நிற்கும் நேரமாகப் பாருங்கள். குடும்பத்தில் இறங்கச் சிரமப்படுகிறவர் யாரோ அவரையே அமர வைத்து இறங்கச் சொல்லுங்கள். டேப்பைத் தூணின் உட்பக்கத்திலிருந்து, கதவு திறக்கும் உயரத்தில் பிடியுங்கள். கதவுப் பக்கம் 60 செ.மீ. இல்லாமல் பெரியவர்கள் நிம்மதியாக இறங்க முடியாது. உள்பக்கமாகத் திறக்கும் கேட் என்றால் அதன் கதவுகள் எடுத்துக்கொள்ளும் இடத்தையும் கழியுங்கள். இயந்திர அடுக்குப் பார்க்கிங் உள்ள கட்டடமானால், ஏற்கக்கூடிய அகலமும் எடையும் எவ்வளவு என்பதைக் கட்டடச் சங்கத்திடம் எழுத்தில் வாங்குங்கள். சொல்லும் காரணம் எதுவாக இருந்தாலும், வண்டியை உள்ளே கொண்டுவர மறுக்கும் ஷோரூமில் பணம் கட்டாதீர்கள்.

பொருளைப் பற்றி வாய்மொழியாகவோ எழுத்திலோ பொய்யான தகவல் தந்து விற்பது, நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 2019-இன்படி முறையற்ற வணிக நடைமுறை. செலுத்திய தொகை 50 லட்ச ரூபாய் வரை இருந்தால் மாவட்ட ஆணையத்திலேயே புகார் தரலாம். பிரச்சினை எழுந்து இரண்டு ஆண்டுகளுக்குள் தர வேண்டும். வழக்கறிஞர் இல்லாமலும் வாதாடலாம். முதற்கட்ட ஆலோசனைக்கு 1915 என்ற தேசிய உதவி எண் இருக்கிறது. வண்டியைத் திரும்ப எடுத்துக்கொண்டு, வாழ்நாள் வரி உட்பட நான் கட்டிய தொகையைத் தர வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். வாட்ஸ்அப் பதில், டிக் அடித்த படிவம், தூணின் உட்பக்க அளவைக் காட்டும் படங்கள் ஆகியவற்றை இணைத்திருக்கிறேன். விற்பனையாளருடன் பேசும் உரையாடலில், செய்திகள் தானாக அழியும் வசதி இயக்கப்பட்டிருக்கிறதா என்று அவ்வப்போது பாருங்கள். என் விஷயத்தில் டெலிவரிக்குச் சற்று முன் அவர் தரப்பிலிருந்து அது இயக்கப்பட்டது. அகலம் பற்றிய பதிலை அது வந்த அன்றே ஸ்கிரீன்ஷாட் எடுத்து அப்பாவுக்கு அனுப்பியிருந்ததால், அந்தப் பதிலின் தேதியும் நேரமும் தெரியும்படி அதைப் புகாரில் சேர்க்க முடிந்தது.