டர்பனில் நிலம் கையகமானால்: எந்த அளவுகோலில் எவ்வளவு இழப்பீடு?

சாலை விரிவாக்கத்துக்கு நிலம் கேட்டு நோட்டீஸ் வந்ததும் பலரும் நல்ல மதிப்பீட்டாளரைத் தேடி அலைகிறார்கள். அதற்கு முன், நோட்டீஸ் எந்தச் சட்டத்தின் கீழ் வந்திருக்கிறது என்று பாருங்கள். ஒரே மனைக்குத் தொகை கூடுவதும் குறைவதும் பெரும்பாலும் அதைப் பொறுத்துத்தான்.

தென்னாப்பிரிக்காவின் 1975-ஆம் ஆண்டு நிலக் கையகச் சட்டம் (63-ஆம் எண்) உரிமையாளர் பக்கம் சாய்ந்தது. திறந்த சந்தையில் மனமொத்து வாங்கி விற்கும் விலை, நேரடிப் பண நஷ்டம், அதற்கு மேல் ஆறுதல் தொகை. அந்தத் தொகை இழப்பீட்டின் முதல் 1 லட்சம் ராண்டுக்கு 10%, அடுத்த 4 லட்சத்துக்கு 5%, அடுத்த 5 லட்சத்துக்கு 3%, மிச்சத்துக்கு 1% (10,000-க்கு மிகாமல்). இழப்பீடு மொத்தம் 15 லட்சம் என்றால் ஆறுதல் தொகை 50,000 ராண்ட். கோரிக்கையை 60 நாளுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும்.

2025 ஜனவரியில் அதிபர் ராமபோசா கையெழுத்திட்ட புதிய நிலக் கையகச் சட்டத்தில் (2024-ஆம் ஆண்டின் 13-ஆம் எண்) ஆறுதல் தொகை கிடையாது. அது அரசியலமைப்பின் 25(3) பிரிவை அப்படியே அளவுகோலாக்குகிறது: இப்போதைய பயன்பாடு, நிலம் கைக்கு வந்த வரலாறு, சந்தை மதிப்பு, அரசு போட்ட முதலீடு, எதற்காக எடுக்கிறார்கள் என்பது. ஐந்தில் ஒன்றுதான் சந்தை மதிப்பு. ஆனால் பயந்துவிட வேண்டாம். முதலில் சந்தை மதிப்பைக் கண்டு, பிறகு மற்றவற்றைக் கொண்டு கூட்டிக் குறைப்பதே 2005-இல் அரசியலமைப்பு நீதிமன்றம் எடுத்த வழி. 2016-இல் நிலக் கோரிக்கை நீதிமன்றம் ஒரு வழக்கில் 18 லட்சத்தை 15 லட்சமாக்கியது. காரணம் போதாது என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் 2017-இல் 18 லட்சத்தையே நிலைநாட்டியது. எனவே அரசுத் தரப்பு வெட்டினால், எந்தக் காரணத்துக்கு எத்தனை ராண்ட் என்று எழுத்தில் கேளுங்கள். விலை ஏறட்டும் என்று சும்மா போட்டுவைத்த நிலத்துக்கு இழப்பீடே இல்லாமலும் போகலாம். வெருலம் பக்கம் தாத்தா பெயரிலேயே கிடக்கும் காலி மனைகளுக்கு இது உறைக்க வேண்டும். குத்தகைச் சீட்டு, தோட்டம், சமர்ப்பித்த கட்டட வரைபடம் எதையாவது கையில் வைத்திருங்கள்.

பணம் அதிகம் கோட்டைவிடப்படுவது நிலத்தில் ஒரு துண்டு மட்டும் போகும்போது. 1,000 சதுர மீட்டர் கடைமனையில் முன்பக்கம் 150 போகிறது, மீட்டர் விலை 900 ராண்ட், ஆக 1,35,000 என்று கணக்குக் கொடுப்பார்கள். அது தப்பு. முன்பிருந்த மதிப்பிலிருந்து மிச்ச மனையின் மதிப்பைக் கழிக்க வேண்டும். வண்டி நிறுத்த இடம் போய், கட்டட எல்லைக்கோடும் உள்ளே நகர்ந்து, கட்டடத்தோடு 15 லட்சம் பெற்ற மனை 12 லட்சமானால் நஷ்டம் 3 லட்சம். அரசுத் திட்டத்தால் மட்டும் ஏறிய விலை கணக்கில் வராது. அனுமதியில்லாமல் பின்னால் கட்டி வாடகைக்கு விட்ட அறைகளால் கூடிய மதிப்பும் வராது. நோட்டீஸுக்குப் பிறகு அவசரமாகக் கட்டினாலும் பயனில்லை. நகராட்சியின் வரி மதிப்பீட்டை எதிர்த்தரப்பு முதலில் நீட்டும். அது ஊர் மனைகளுக்கெல்லாம் சேர்த்து மொத்தமாகப் போட்ட கணக்கு. நோட்டீஸ் தேதியை ஒட்டிப் பதிவான அக்கம்பக்க விற்பனைகளை வைத்து அதை உடைக்கலாம்.

கோயிலுக்குச் சந்தை விலை ஏது? 1975 சட்டத்தில் அதற்கு வழி இருக்கிறது: மறுபடி கட்டும் செலவில் தேய்மானம் கழித்தல். கோபுரச் சுதை வேலைக்கு ஸ்தபதியை வரவழைக்கும் செலவையும் மதிப்பீட்டில் சேர்க்கச் சொல்லுங்கள்.

டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில், நிறவெறிக் காலத்து இனவாரிப் பகுதிச் சட்டத்தால் போன நிலத்தின் கணக்கு தனி. 1994 நில உரிமை மீட்புச் சட்டத்தின்படி, 1998 டிசம்பர் 31-க்குள் மனுக் கொடுத்தவர்களுக்கு, நிலம் பறிபோன நாளின் நியாய விலைக்கும் அப்போது கையில் வந்ததற்கும் உள்ள வித்தியாசத்தை விலைவாசிக் குறியீட்டால் ஏற்றித் தருவதே வழக்கம். 2014-இல் அரசியலமைப்பு நீதிமன்றமும் இன்றைய சந்தை விலையை ஏற்கவில்லை. 4,000 ராண்ட் பெறும் மனைக்கு அன்று 2,500 கொடுத்திருந்து, குறியீடு நூறு மடங்கு ஏறியது என்று வைத்தால் கிடைப்பது 1,50,000. அந்தப் பணத்துக்கு அதே தெருவில் மனை வாங்க முடியாது. நிலமோ மாற்று நிலமோ தர அரசு முன்வந்தால் காசை விட அதுதான் மேல்.