தையல் மெஷினுக்கு டைட்டேனியம் பூச்சு ஊசி: ஜரிகை தைக்கிறவர்கள் வாங்கலாமா?

காஞ்சிபுரம் சேலைக்கு பிளவுஸ் தைக்கிறவர்களுக்கு இந்தச் சத்தம் நன்றாகத் தெரியும். கை ஓரத்தில் ஜரிகை பார்டரை மடித்து ஓட்டும்போது, வழக்கமான சரசரப்பு போய் ஒவ்வொரு தையலும் 'டொக், டொக்' என்று காதில் விழும். ஊசி முனை மழுங்கிவிட்டது. துணிக்குள் நுழைய முடியாமல் இழைகளை இடித்துத் தள்ளிக்கொண்டு போகிறது. அதோடு இன்னும் ஒரு சாண் ஓட்டினாலும் ஜரிகை இழை ஒன்று இழுபட்டு வெளியே நிற்கும். சேலையிலிருந்து வெட்டியெடுத்த பிளவுஸ் துணி அது. கெட்டுப்போனால் மாற்றுத் துணிக்கு எங்கே போவது?

அந்த ஒரு காரணத்துக்காகத்தான் என் மெஷினில் சாதா ஊசியை எடுத்துவிட்டு டைட்டேனியம் பூச்சு போட்ட ஊசிக்கு மாறினேன். தீபாவளிக்கு முந்தைய நெருக்கடி முழுவதும் இந்த ஊசிகளை வைத்தே தைத்து முடித்தேன். வாங்கலாமா என்று யோசிக்கிற தையல்காரர்களுக்காக எழுதுகிறேன்.

சிங்கப்பூரின் ஈசூனில் எங்கள் வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டின் ஓர் அறைதான் என் தையல் அறை. மெஷின் ஜூக்கி டிடிஎல்-8700, சர்வோ மோட்டார் போட்டது. பெரும்பாலும் சேலை பிளவுஸ், பாவாடை தாவணி, சுடிதார். நோன்புப் பெருநாள் சமயத்தில் அக்கம்பக்கத்து மலாய் அக்காமார்கள் அவர்களின் பாரம்பரிய உடையான பாஜு கூரோங்கை ஆல்ட்டரேஷனுக்குக் கொண்டுவருவார்கள், அதில் சொங்கெட் துணியும் வரும். சொங்கெட்டிலும் உலோகச் சரிகைதான். ஆக, என் ஊசிக்கு வருஷம் முழுவதும் ஓய்வே கிடையாது.

ஜரிகை ஏன் ஊசியை இப்படித் தின்கிறது? அசல் ஜரிகை என்பது பட்டு நூலின் மேல் வெள்ளிக் கம்பியைச் சுற்றி, தங்க முலாம் பூசியது. விலை குறைந்த வகைகளில் வெள்ளிக்குப் பதில் செம்பு இருக்கும். எப்படிப் பார்த்தாலும் ஊசி குத்துவது உலோகத்தில்தான். பார்டரை இரண்டாக மடித்து, உள்ளே லைனிங்கும் கேன்வாஸும் வைத்தால் ஒவ்வொரு குத்திலும் முனை பல உலோக இழைகளைக் கடக்க வேண்டும். சாதா ஊசிக்கு மேலே குரோம் அல்லது நிக்கல் முலாம் இருக்கும். பருத்திக்கும் பாலியஸ்டருக்கும் அது தாராளமாகப் போதும். ஜரிகையிடம் அது தாக்குப்பிடிப்பதில்லை.

நான் வாங்கியது ஜப்பானின் ஆர்கன் ஊசி, அவர்களின் பூச்சு போட்ட 'பிடி' வகை, என் மாதிரித் தொழில் மெஷினுக்கான டிபி×1, 90/14 அளவு. சைனாடவுனில் பீப்பிள்ஸ் பார்க் பக்கம் உள்ள தையல் சாமான் கடையில் பத்து ஊசி கொண்ட பாக்கெட் 9 சிங்கப்பூர் வெள்ளி. அதே கடையில் சாதா ஊசி 4 வெள்ளி. ஜெர்மனியின் குரோஸ்-பெக்கர்ட்டும் இதே மாதிரி 'கெபெடுர்' என்ற பெயரில் பூச்சு ஊசி செய்கிறது. அன்று கடையில் என் அளவு ஆர்கனில்தான் இருந்தது.

ஊசி பொன் நிறத்தில் மின்னும். அது தங்கம் இல்லை, டைட்டேனியம் நைட்ரைடு. காற்றை வெளியேற்றிய அறைக்குள் டைட்டேனியத்தை ஆவியாக்கி, நைட்ரஜனோடு சேர்த்து உலோகத்தின் மேல் படியவைக்கிறார்கள். வன்பொருள் கடையில் தொங்குமே பொன் நிற டிரில் பிட், அதன் மேல் இருப்பதும் இதே பூச்சுதான். பூச்சு மெல்லியது என்று குறைவாக நினைத்துவிடாதீர்கள். மெல்லியதுதான், ஆனால் கடினத்தில் குரோமைவிட இரண்டு மடங்குக்கு மேல். உள்ளே இருக்கும் எஃகு மட்டும் சாதா ஊசியில் இருக்கும் அதே எஃகு. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வருகிறேன்.

வாங்கும்போது எனக்கு இருந்த பெரிய பயம், மெஷினுக்கு அடியில் கீழ்நூலைச் சுற்றிச் சுழலும் ஷட்டில் பற்றியது. ஊசி கீழே போய் மேலே ஏறத் தொடங்கும் நேரத்தில் நூல் ஒரு சின்ன வளையமாக விரியும். ஷட்டிலில் உள்ள ஹூக்கின் முனை வந்து அந்த வளையத்தைப் பிடிக்கும். அப்போது ஊசிக்கும் ஹூக் முனைக்கும் நடுவே இருக்க வேண்டிய இடைவெளி 0.04 முதல் 0.1 மில்லிமீட்டர், ஜூக்கியின் கையேட்டிலேயே இருக்கிறது. இவ்வளவு நெருக்கமான இடத்தில் ஊசிக்கு மேலே இன்னொரு பூச்சு என்றால்? மெஷின் சர்வீஸுக்கு வரும் தம்பியிடம் கேட்டேன்.

"அக்கா, பூச்சு சில மைக்ரான்தான். ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ரெண்டு மூணு பங்கு. ஹூக்கைத் தொடவே வேண்டாம். ஆனா அளவை மாத்தினீங்கன்னா என்னைக் கூப்பிடுங்க" என்றார்.

அவர் சொன்னதுதான் நடந்தது. 90/14 சாதா ஊசிக்கு வைத்திருந்த செட்டிங்கிலேயே பூச்சு ஊசியும் தையல் விடாமல் ஓடியது. நூலின் இறுக்கத்தை, அதாவது டென்ஷனைக் கூட மாற்றவில்லை. மாட்டும் முறையும் அதேதான்: சுவிட்சை அணைத்து, திருகைத் தளர்த்தி, நீளப் பள்ளம் இடது பக்கம் பார்க்க, மேலே முட்டும் வரை தள்ளி இறுக்க வேண்டும். ஒரே ஒரு வித்தியாசம், பொன் நிறத்தில் பள்ளம் சட்டென்று கண்ணுக்குத் தெரிவதில்லை. மெஷின் விளக்கடியில் திருப்பிப் பார்த்து மாட்டுங்கள். ஜரிகை நிற நூல் கோக்கும்போதும் காது எங்கே, நூல் எங்கே என்று கண் தேடும். பின்னால் ஒரு வெள்ளைக் காகிதத் துண்டைப் பிடித்தால் சரியாகிவிடும்.

சரி, தையலுக்கு வருவோம். முதலில் ஒரு அரக்கு நிறக் காஞ்சிபுரம், கையில் அகலமான பார்டர். சாதா ஊசி என்றால் இந்த மாதிரி வேலையில் ஒரு பிளவுஸுக்கே புது ஊசி வைப்பேன், சில நேரம் இரண்டாவது கைக்கு வரும்போதே மாற்ற வேண்டியிருக்கும். இது அந்த பிளவுஸைத் தாண்டி, அடுத்து வந்தவற்றையும் தாண்டி, 'டொக்' சத்தம் இல்லாமல் ஓடியது. நகத்தின் மேல் முனையை மெல்ல இழுத்துப் பார்ப்பது என் வழக்கம்; கொக்கி விழுந்திருந்தால் நகத்தில் கீறும். கீறவில்லை. பிறகு அதே ஊசியில் ஒரு சாட்டின் துண்டை ஓட்டிப் பார்த்தேன். முனை கொஞ்சம் கெட்டிருந்தாலும் சாட்டின் காட்டிக்கொடுத்துவிடும், இழை இழுபட்டுக் கோடு விழும். அப்படி எதுவும் விழவில்லை. எனக்கு அந்த இடத்தில்தான் முழு நம்பிக்கை வந்தது.

காதின் உள்விளிம்பும் பூச்சினால் தேயாமல் இருக்கிறது. உலோக நூலால் மேல்தையல் போடுகிறவர்கள் இதைக் கவனிப்பார்கள். காதில் பிசிறு விழுந்தால் நூல் அங்கேதான் உரசி உரசி அறுந்துபோகும். எனக்கு நூல் அறுவது கண்கூடாகக் குறைந்தது.

இரவு வேலைக்கும் இது பெரிய நிம்மதி. கீழ்வீட்டில் கைக்குழந்தை. சர்வோ மோட்டார் பெடலை மிதித்தால்தான் ஓடும், சும்மா இருக்கும்போது இரைச்சல் இல்லை. மழுங்கிய ஊசி துணியை இடிக்கும் சத்தம் வேறு, அது மேஜை வழியாகத் தரையில் இறங்கும். கூர் நிற்கிற ஊசியில் அந்த இடி இல்லை.

இப்போது அந்த எஃகு விஷயம். பூச்சு ஊசி உடையாது என்று சிலர் சொல்லி விற்கிறார்கள். உடையும். பூச்சு காப்பது மேல்பரப்பைத் தேய்மானத்திலிருந்து; வளைவதையும் முறிவதையும் அது தடுக்காது. குண்டூசி மேல் ஏறினாலும், ஜிப்பின் உலோகப் பல்லில் பட்டாலும், கல் வைத்த வேலைப்பாட்டில் மோதினாலும் சாதா ஊசி மாதிரியே பட்டென்று போகும். கல், மணி நிறைந்த துணிக்கு நான் பழைய 4 வெள்ளி ஊசியைத்தான் மாட்டுகிறேன். அங்கே ஊசி மழுங்குவதற்கு முன்பே உடைவதுதான் அதிகம், விலை கூடிய ஊசியைப் பலி கொடுப்பதில் அர்த்தம் இல்லை.

சூட்டைப் பற்றியும் சொல்ல வேண்டும். இந்த மெஷின் நிமிடத்துக்கு 5,500 தையல் வரை போகக்கூடியது. அந்த மாதிரி வேகத்தில் அடர்த்தியான துணியில் ஓட்டினால் எந்த ஊசியும் காயும், பாலியஸ்டர் நூல் உருகும் அளவுக்குக் கூடக் காயலாம். பாலியஸ்டர் 250 டிகிரி செல்சியஸ் தாண்டினால் உருகத் தொடங்கும். பூச்சு இருக்கிறதே என்று வேகத்தைக் கூட்டாதீர்கள். பசை தடவிய கேன்வாஸ், இருபக்க டேப் இவற்றில் ஊசி பிசுபிசுவென்று ஆகும் தொல்லைக்கும் இது மருந்து அல்ல. அதற்கு ஒட்டாத பூச்சு போட்ட ஊசி தனியாக வருகிறது.

இணையத்தில் ஒரு விற்பனையாளரிடம் பாதி விலைக்குப் பொன் நிற ஊசி வாங்கியதையும் சொல்லிவிடுகிறேன். பாக்கெட்டில் முனை வகையும் இல்லை, ஊசித் தண்டில் அளவு எண்ணும் இல்லை. ஒரே பிளவுஸில் பொன் நிறம் கையோடு வந்து, கீழே வெள்ளை தெரிந்தது. அது வெறும் நிறம். நல்ல பூச்சும் நாள்பட்டால் முனையில் தேயத்தான் செய்யும், பூதக்கண்ணாடியில் பார்த்தால் நுனி மட்டும் வெள்ளியாகத் தெரியும். அது ஊசியை மாற்ற வேண்டிய நேரம். ஆனால் விரலால் துடைத்தாலே போகிற நிறத்தில் டைட்டேனியம் இருக்காது. கடைக்கு நேரில் போய், பாக்கெட்டைப் படித்து வாங்குங்கள். கைத்தையல் ஊசியில் காதுக்கு மட்டும் பொன் முலாம் பூசியவை உண்டு; அது வேறு சரக்கு.

வீட்டு மெஷின் வைத்திருப்பவர்கள் டிபி×1 வாங்கக்கூடாது. அதன் தண்டு முழு உருண்டை. உங்கள் மெஷினுக்குத் தண்டின் ஒரு பக்கம் தட்டையான 130/705எச் வேண்டும். அதிலும் பூச்சு உள்ளது கிடைக்கிறது. ஆனால் மாதத்தில் ஒரு நாள் திரைச்சீலை, பள்ளிச் சீருடை என்று தைப்பவர் என்றால் சாதா ஊசியே போதும், அதை அடிக்கடி மாற்றினால் சரி. மெல்லிய ஜார்ஜெட்டுக்கும் நான் சாதா 75/11-தான் வைக்கிறேன். பட்டு, பனாரஸ், சொங்கெட், தடித்த ஜீன்ஸ் என்று தினமும் ஓட்டுகிறவருக்கு இந்த 9 வெள்ளி வீண் போகாது. ஊசி கூடுதல் நாள் உழைப்பதால் கணக்கு நேராகிவிடுகிறது. அதைவிடப் பெரிய லாபம், வாடிக்கையாளரின் துணியை மெஷின் அடியில் வைக்கும்போது நெஞ்சு படபடக்காமல் இருப்பது.

நம் ஊர் ஈரக்காற்றில் ஊசி பாக்கெட்டைத் திறந்து போட்டு வைக்காதீர்கள், பூச்சு ஊசியாக இருந்தாலும் சரி. நான் சிலிக்கா ஜெல் போட்ட சின்ன டப்பாவில் வைக்கிறேன். உடைந்தால் எல்லாத் துண்டும் கிடைக்கும் வரை துணியை நகர்த்தாதீர்கள், குழந்தைகள் உடுப்பு என்றால் கட்டாயம். அப்புறம், லைக்ரா கலந்த ரெடிமேட் பிளவுஸ் பிடித்துத் தர நிறையப் பேர் கேட்கிறார்கள். அதற்கு முனை லேசாக உருண்ட எஸ்இஎஸ் வகை வேண்டும். 75/11-இல் அதே முனையோடு பூச்சு போட்டதைக் கடையில் சொல்லி வைத்திருக்கிறேன், வந்ததும் ஓட்டிப் பார்த்துவிட்டு எழுதுகிறேன்.