புக்காரெஸ்டில் ‘கம்யூனிஸ்ட் கால நகர உலா’: பணம் கட்டும் முன் படித்துவிடுங்கள்

ருமேனியாவின் தலைநகர் புக்காரெஸ்டுக்குப் போகத் திட்டம் வைத்திருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். அங்கே கம்யூனிஸ்ட் காலத்து இடங்களையும் அன்றைய அன்றாட வாழ்க்கையையும் காட்டுவதாகச் சொன்ன ஒரு நிறுவனத்திடம் நானும் அக்காவும் பணம் கட்டி ஏமாற்றப்பட்டோம். போன பணத்தைவிட, ஒரு நாட்டு மக்கள் பட்ட பாட்டைப் பொய்யும் கிண்டலுமாகக் கலந்து விற்றார்களே, அதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

விளம்பரத்தில் இருந்தவை இவை: சிறு குழு, உரிமம் பெற்ற வழிகாட்டி, நாடாளுமன்ற மாளிகைக்குள் நுழைவு கட்டணத்தோடு சேர்த்து, எண்பதுகளில் இருந்தபடியே பாதுகாக்கப்பட்ட ஓர் அடுக்குமாடி வீடு, பழைய டாச்சியா காரில் சவாரி. அக்காவுக்கு முழங்கால் வலி உண்டு. அதனால் நடை எவ்வளவு, உட்கார இடம் இருக்குமா என்றெல்லாம் முன்பே எழுதிக் கேட்டேன். எல்லாவற்றுக்கும் ‘கவலை வேண்டாம்’ என்ற பதில்தான் வந்தது. முழுத்தொகையையும் அட்டையில் கட்டினோம்.

புரட்சிச் சதுக்கத்தில் போய் நின்றால், சிறு குழு என்றது ஒரு பேருந்துக் கூட்டம். மூன்று வெவ்வேறு பெயர்களில் விற்ற சீட்டுகளை ஒரே ஆளிடம் சேர்த்துவிட்டிருந்தார்கள். ருமேனியாவில் சுற்றுலா வழிகாட்டியாக வேலை செய்ய அரசுச் சான்று வேண்டும், அடையாள அட்டையும் தருவார்கள். வந்த இளைஞரிடம் அது இல்லை. கேட்டதற்கு அலுவலகத்தில் இருக்கிறது என்றார்.

முதல் பொய் அங்கேயே வந்தது, 1989 வரை நாட்டை ஆண்ட கம்யூனிஸ்ட் சர்வாதிகாரி சௌசெஸ்குவைப் பற்றி. கட்சியின் மத்தியக் குழு இருந்த கட்டடத்தின் மாடத்தைக் காட்டி, ‘சௌசெஸ்குவைச் சுட்டது இங்கேதான்’ என்றார். கூட்டத்தில் பலர் அதை அப்படியே கைபேசியில் குறித்துக்கொண்டார்கள். உண்மையில் 1989 டிசம்பர் 21 அன்று, தனக்கு ஆதரவாகக் கூட்டப்பட்ட கூட்டத்தில் அந்த மாடத்திலிருந்து சௌசெஸ்கு பேசிக்கொண்டிருந்தபோதுதான் மக்கள் எதிர்த்துக் கூச்சல் போட்டார்கள். நேரலையாகப் போன பேச்சு அது. கையை உயர்த்தி அடக்கப் பார்த்து, என்ன நடக்கிறதென்று புரியாமல் திகைத்த அவருடைய முகத்தை நாடே பார்த்தது. இருபது வருடங்களுக்கு மேல் அவரைக் கண்டு நடுங்கிய நாடு அது. மறுநாள் அதே கட்டடத்தின் மொட்டைமாடியிலிருந்து மனைவி எலெனாவுடன் ஹெலிகாப்டரில் தப்பினார். பிடிபட்டு, தர்கோவிஷ்டே என்ற ஊரின் ராணுவ முகாமில் அவசர விசாரணை நடந்து, டிசம்பர் 25 அன்று இருவரும் சுடப்பட்டார்கள். அந்த ஊர் புக்காரெஸ்டிலிருந்து ஏறத்தாழ 80 கி.மீ. தூரம். சதுக்கத்தைப் பார்த்தபடி நிற்கும் பல்கலைக்கழக மைய நூலகம் அந்த நாட்களில் எரிந்துபோனதைப் பற்றி அவர் ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை.

அதையாவது அறியாமை என்று விடலாம். அடுத்தது அப்படி விடக்கூடியதல்ல. 1966-ல் சௌசெஸ்கு கொண்டுவந்த 770-ஆம் ஆணை கருக்கலைப்பை ஏறக்குறைய முழுவதுமாகத் தடை செய்தது. கருத்தடைச் சாதனங்களும் கிடைக்காமல் போயின. பிள்ளை இல்லாதவர்கள் மேல் தனி வரி போட்டார்கள். தொழிற்சாலைகளில் பெண்களை வரிசையாக நிறுத்தி மருத்துவப் பரிசோதனை செய்தார்கள். ஒளிந்து மறைந்து செய்துகொண்ட கருக்கலைப்புகளில் ஆயிரக்கணக்கான பெண்கள் செத்தார்கள். வளர்க்க வழியில்லாத குழந்தைகளால் அனாதை இல்லங்கள் நிரம்பின. இதைத்தான் அந்த ஆள் படுக்கையறைச் சிரிப்புக் கதையாகச் சொன்னார். அக்கா பிரசவ வார்டில் செவிலியராக முப்பது வருடம் வேலை பார்த்தவள். முகம் சிவந்து, ‘இதுல சிரிக்க என்ன இருக்குன்னு அவன்கிட்ட கேளுடா’ என்றாள். கேட்டேன். தோளைக் குலுக்கிவிட்டு நடையைக் கட்டினார்.

அப்புறம் நாடாளுமன்ற மாளிகை. மக்கள் இல்லம் என்றும் இதைச் சொல்வார்கள். 1977 மார்ச் 4 அன்று வந்த நிலநடுக்கத்துக்குப் பிறகு நகரத்தையே மாற்றிக் கட்டுகிறேன் என்று கிளம்பி, உரானுஸ் என்ற பழைய குடியிருப்புப் பகுதியை இடித்துத் தரைமட்டமாக்கி, 1984-ல் இதன் வேலையைத் தொடங்கினார் சௌசெஸ்கு. தலைமைக் கட்டடக்கலைஞர் அங்கா பெட்ரெஸ்கு அப்போது முப்பதுகளில் இருந்த இளம்பெண். உலகத்திலேயே மிகக் கனமான கட்டடம் என்று கின்னஸில் பதிவானது இதுதான். வீடிழந்தவர்கள் சுமார் 40,000 பேர் என்பார்கள். பலருக்குக் காலி செய்யக் கிடைத்தது சில நாள் அவகாசம்தான். கட்டச் சொன்னவர் அதில் குடியேறும் முன்பே ஆட்சி கவிழ்ந்தது. இப்போது நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் அங்கேதான் கூடுகின்றன.

அந்த மாளிகையை எதிர்ப்பக்கப் பூங்காவிலிருந்து காட்டிவிட்டு, ‘இன்று நாடாளுமன்றக் கூட்டம், பார்வையாளர்களுக்கு அனுமதி இல்லை’ என்றார் வழிகாட்டி. அரசு நிகழ்ச்சிகளுக்காக அப்படி மூடுவதும் உண்டு என்பதால் எல்லோரும் நம்பினார்கள். எனக்குச் சந்தேகம். அக்காவைப் பூங்கா பெஞ்சில் உட்கார வைத்துவிட்டுப் பார்வையாளர் வாசலுக்கே போனேன். ஆட்கள் வரிசையாக உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். அங்கிருந்த பெண் பொறுமையாக விளக்கினார்: முன்கூட்டியே தொலைபேசியில் பதிவு செய்ய வேண்டும், அசல் பாஸ்போர்ட் வேண்டும், உள்ளே சுற்றிக்காட்டுவது மாளிகையின் சொந்த வழிகாட்டிகள் மட்டுமே. எங்கள் பெயரில் எந்தப் பதிவும் இல்லை. நிறுவனத்தின் பெயரிலும் இல்லை. பாஸ்போர்ட்டைக் கொண்டுவரும்படி அவர்கள் எங்களிடம் சொல்லவே இல்லை என்பது அப்போதுதான் உறைத்தது. உள்ளே அழைத்துப்போகும் எண்ணம் முதலிலிருந்தே இருந்திருக்கவில்லை.

எண்பதுகளின் வீடு என்பது நினைவுப்பொருள் கடையின் பின்னறை. ஒரு பழைய தொலைக்காட்சிப் பெட்டி, சுவரில் சௌசெஸ்கு படம், பூப்போட்ட மேசைவிரிப்பு, அவ்வளவுதான். உள்ளே நுழைய நன்கொடை என்று ரொக்கமாகக் கேட்டார்கள். தராதவர்களை வெளியே நிறுத்தினார்கள். டாச்சியா கார் கடை வாசலில் நின்றது. அதில் உட்கார்ந்து படம் எடுக்கத் தனிக் கட்டணம், சவாரி கிடையாது. ‘இது வீடு இல்லடா, கடை’ என்று சொல்லிவிட்டு அக்கா வெளியே வந்துவிட்டாள்.

கடைசியில் பழைய நகரப் பகுதியில் ஓர் உணவகம். விலை போடாத பட்டியல், கேட்காமலே வந்த ரொட்டிக்கும் தண்ணீருக்கும் தனிக்கணக்கு, அதற்கு மேல் சேவைக் கட்டணம். பக்கத்துப் பணமாற்றுக் கடையையும் அவரே கைகாட்டினார். ‘கமிஷன் இல்லை’ என்ற பலகையை நம்பாதீர்கள். யூரோவை வாங்கும் விலைக்கும் விற்கும் விலைக்கும் நடுவே உள்ள இடைவெளியைப் பாருங்கள். அங்கே அது அநியாயமாக இருந்தது. நாங்கள் வங்கி ஏடிஎம்மில்தான் ருமேனியப் பணமான லேய் எடுத்தோம்.

இதைப் படித்துவிட்டு அந்த ஊரே வேண்டாம் என்று யாரும் முடிவு செய்துவிடாதீர்கள். மறுநாள் தங்குவிடுதியில் விசாரித்து இன்னொரு வழிகாட்டியை அமர்த்தினோம். ஐம்பது வயது தாண்டிய பெண்மணி. கேட்கும் முன்பே அடையாள அட்டையைக் காட்டினார். அவர் எங்களை முதலில் கூட்டிப்போனது அடுக்குமாடிகளின் முதுகுப்புறம் ஒளிந்திருக்கும் மிஹாய் வோடா தேவாலயத்துக்கு. இடிப்பிலிருந்து தப்ப வைக்க, யோர்தகெஸ்கு என்ற பொறியாளர் 1985-ல் அந்தக் கோயிலை அடித்தளத்தோடு வெட்டி, கீழே கான்கிரீட் தட்டு கொடுத்து, தண்டவாளத்தில் ஏற்றிக் கிட்டத்தட்ட 290 மீட்டர் தள்ளிக் கொண்டுபோய் வைத்தார். முந்தைய நாள் நடந்த வழியிலிருந்து கூப்பிடு தூரம்தான். அந்த இளைஞர் அந்தப் பக்கமே திரும்பவில்லை.

அன்றாட வாழ்க்கை என்றால் என்ன என்பதையும் அந்த அம்மாவிடம்தான் கேட்டோம். எழுபதுகளில் வெளிநாடுகளில் வாங்கிய கடனை ஒரேயடியாக அடைத்தே தீருவேன் என்று சௌசெஸ்கு பிடிவாதம் பிடிக்க, விளைந்ததும் வளர்த்ததும் ஏற்றுமதிக்குப் போயின. சர்க்கரை, எண்ணெய், ரொட்டி எல்லாம் ரேஷன் ஆயிற்று. குளிர்காலத்தில் வீட்டுக்குச் சூடு வராது, மின்சாரமும் அடிக்கடி நிற்கும். தொலைக்காட்சி சாதாரண நாட்களில் இரண்டே மணி நேரம், அதிலும் பெரும்பாலும் அவர் புகழ். தெருவில் வரிசையைப் பார்த்தால் என்ன விற்கிறார்கள் என்று கேட்காமலே போய் நின்றுவிடுவார்களாம். இடம் பிடிக்கப் பையை வைத்துவிட்டு வேலைக்குப் போய்வருவார்களாம். மருத்துவரிடம் போகும்போது லஞ்சமாகக் கொடுக்கக் கையில் கென்ட் என்ற வெளிநாட்டு சிகரெட் பெட்டி இருக்க வேண்டும். 1989 ஏப்ரலில் கடன் முழுவதும் அடைந்துவிட்டது என்று அறிவித்தார்கள். அதற்குப் பிறகும் கடைகள் நிரம்பவில்லை. அவர் எதையும் அழுது சொல்லவில்லை, மிகைப்படுத்தவும் இல்லை. அக்காவுக்காக அரை மணிக்கு ஒருமுறை உட்கார இடம் பார்த்துக் கொடுத்தார். அவருக்குக் கொடுத்தது முதல் நிறுவனத்துக்குக் கட்டியதைவிடக் குறைவு.

ஆகவே போகிறவர்கள் கொஞ்சம் விசாரித்துப் போங்கள். வழிகாட்டியின் சான்று எண்ணைப் பணம் கட்டும் முன்பே எழுத்தில் கேளுங்கள். உண்மையானவர் தயங்காமல் அனுப்புவார். மாளிகை நுழைவு சேர்த்து என்று விற்றால், உங்கள் பாஸ்போர்ட் விவரம் கேட்கிறார்களா, எத்தனை மணிக்கு எந்த மொழிச் சுற்றில் பதிவு என்று சொல்கிறார்களா பாருங்கள். இரண்டும் இல்லாவிட்டால் பதிவே இல்லை என்று பொருள். நீங்களே தங்குவிடுதி வரவேற்பில் சொல்லித் தொலைபேசியில் பதிவு செய்துகொள்வது இன்னும் நல்லது. சௌசெஸ்கு குடும்பம் வாழ்ந்த வசந்த மாளிகை 2016 முதல் பார்வைக்குத் திறந்திருக்கிறது. அதற்கும் அந்த அருங்காட்சியகத்திடமே நேரடியாகச் சீட்டு வாங்கலாம், நடுவில் ஆள் தேவையில்லை. குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர் என்பதை எண்ணாகவே எழுதி வாங்குங்கள், ‘சிறு குழு’ என்ற சொல்லுக்கு அளவே கிடையாது.

பணம் விஷயம். நிறுவனத்துக்கு எழுதியதற்கு, ‘உலா நடைபெற்றது, திருப்பித் தர இயலாது’ என்று இரண்டு வரியில் பதில் வந்தது. வழியிலேயே விளம்பரப் பக்கத்தை முழுதாகப் படம் பிடித்து வைத்திருந்தேன். நாங்கள் திரும்பிய பிறகு பார்த்தால் அதிலிருந்து மாளிகை நுழைவு என்ற வரியே காணாமல் போயிருந்தது. அந்தப் படங்களையும் கடிதப் போக்குவரத்தையும் சேர்த்து, சொன்ன சேவை தரப்படவில்லை என்று அட்டை கொடுத்த வங்கியில் தகராறு பதிவு செய்தேன். ஒரு பகுதி திரும்பி வந்திருக்கிறது. மீதிக்குப் பேசிக்கொண்டிருக்கிறேன். ருமேனியாவின் நுகர்வோர் பாதுகாப்பு ஆணையத்துக்கும் இணையம் வழியாகப் புகார் அனுப்பியிருக்கிறேன். கடைப் பின்னறையில் நன்கொடை என்று கொடுத்த ரொக்கத்துக்கு மட்டும் எந்தச் சீட்டும் இல்லை. அது வராது. அங்கே யார் கேட்டாலும் ரசீது தராமல் காசை நீட்டாதீர்கள்.