லயத்தில் வளர்ந்த அப்பாவோடு பார்த்த ‘ஹேப்பி’

ரோக்கோ பெலிக் இயக்கி 2011-இல் வெளிவந்த ‘ஹேப்பி’ என்னும் ஆவணப்படத்தைச் சென்ற ஞாயிற்றுக்கிழமை கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் உள்ள எங்கள் வீட்டில், ரப்பர்த் தோட்டத்து லயத்தில் (தொழிலாளர்களின் வரிசை வீடுகளில்) வளர்ந்த அப்பாவோடு அமர்ந்து பார்த்தேன். இந்தப் படத்துக்கு வித்திட்டது ஒரு நாளிதழ்க் கட்டுரை. செல்வத்தில் முன்னணியில் நிற்கும் அமெரிக்கா மகிழ்ச்சியில் 23-ஆம் இடத்தில் இருப்பதாக அதில் படித்த ஹாலிவுட் இயக்குநர் டாம் ஷேட்யாக், காரணத்தைத் தேடிப் படமெடுக்குமாறு பெலிக்கைத் தூண்டினார்.

கொல்கத்தாவில் கைரிக்‌ஷா இழுக்கும் ஒருவரின் வீட்டில் படம் தொடங்குகிறது. கூரையாக விரித்த பிளாஸ்டிக் தாளையும் திறந்து கிடக்கும் பக்கத்தையும் காட்டி, காற்று நன்றாக வருகிறது, மழைக்காலத்தில்தான் சிரமம் என்று அவர் இயல்பாகச் சொல்கிறார். மகனின் முகத்தைப் பார்த்ததும் அவருக்கு வரும் பூரிப்பு உண்மையானது. அதில் எனக்கு ஐயமே இல்லை. ஆனால் அவர் நோயில் விழுந்தால் அந்த வீட்டில் உலை கொதிக்குமா என்ற கேள்வி படம் முடியும்வரை என்னை விடவில்லை. மலேசியத் தோட்டங்களில் பால்மரம் (ரப்பர் மரம்) வெட்டிப் பாலெடுத்துப் பிழைத்த நம் மக்களைப் பார்த்தும், இருப்பதைக் கொண்டு நிறைவாக வாழ்கிறார்கள் என்று சொன்னவர்கள் உண்டு. அந்தப் பேச்சு கூலி உயர்வைத் தள்ளிப்போடவும் உதவியது.

மனிதருக்கு மனிதர் உள்ள மகிழ்ச்சி வேறுபாட்டில் 50 விழுக்காடு பிறவிக்கூறு, வருமானம், பதவி உள்ளிட்ட சூழ்நிலைக்கு 10 விழுக்காடுதான், மீதி 40 நம் செயல்களைப் பொறுத்தது என்று உளவியலாளர்கள் விளக்கும் பகுதியில் படம் அவசரப்படுகிறது. அடிப்படைத் தேவைகள் நிறைவேறிய பிறகே கூடுதல் பணத்தின் பயன் குறைகிறது என்பதையும் படம் சொல்லத்தான் செய்கிறது; அதை இன்னும் அழுத்திச் சொல்லியிருக்க வேண்டும். ஓயாத உழைப்பால் கணவனை இழந்த ஜப்பானியப் பெண்ணின் காட்சி அந்தக் குறையை ஓரளவு ஈடுசெய்கிறது.

படத்தின் உயிர் டென்மார்க்கில் இருக்கிறது. மணமுறிவுக்குப் பிறகு ஒரு தாய் தன் பிள்ளைகளோடு பல குடும்பங்கள் சேர்ந்து வாழும் குடியிருப்புக்கு வருகிறார். அங்கே முறைவைத்துச் சமைக்கிறார்கள், ஒன்றாக உண்கிறார்கள், பிள்ளைகள் எல்லார் வீட்டுப் பிள்ளைகளாகவும் வளர்கிறார்கள். “இது நம்ம லயம் மாதிரில்ல இருக்கு” என்றார் அப்பா. தோட்டம் விற்கப்பட்டு அடுக்குமாடிக்கு வந்த பிறகு, எதிர்வீட்டுக்காரரின் பெயரைத் தெரிந்துகொள்ளவே தனக்கு ஓராண்டு ஆனதை அன்றுதான் என்னிடம் சொன்னார். சற்று நேரம் கழித்து, “கூலி மட்டும் ஒழுங்கா கொடுத்திருந்தா நான் அங்கேயே இருந்திருப்பேன்” என்றார்.

படத்துக்குப் பின் பெலிக்கே அமெரிக்காவின் மாலிபுவில் அண்டை அயலார் நெருங்கி வாழும் நடமாடும் வீடுகளின் குடியிருப்புக்கு மாறிச் சென்றார் என்பதால், அவர் கண்டடைந்ததை அவரே நம்புகிறார் என்று எடுத்துக்கொள்ளலாம்.

நாங்கள் பார்த்த பதிப்பில் தமிழ் வசனவரிகள் இல்லை. தோட்டத்தில் வளர்ந்த பெரியவர்களோடு பார்க்க விரும்புவோர், ஏறத்தாழ 75 நிமிடப் படத்துக்கு இரண்டரை மணி நேரமாவது ஒதுக்கிக்கொள்ளுங்கள்; நிறுத்தி நிறுத்திப் பேச வேண்டியிருக்கும்.