தரைக்கு அடியில் சிப்போர்டா, மரப்பலகையா?

இலங்கை மலையகத்து ஹட்டனில் எங்கள் வீடு சரிவில் நிற்கிறது. முன்பக்கம் வீதி மட்டத்தில், பின்பக்கம் ஆளுயரத் தூண்களின் மேல். அதனால் பின்னறைகள் இரண்டுக்கும் சீமெந்துத் தரை கிடையாது. குறுக்குச் சட்டங்களின் மேல் பலகை அடித்து அதன் மேல் வினைல் விரிப்பதுதான் திட்டம். முதலில் இரண்டு அறைக்கும் மரச்சீவலை அழுத்திச் செய்யும் சிப்போர்டு போட்டோம். நான்காம் வருடம் ஓர் அறையை முழுவதுமாகப் பெயர்த்து மரப்பலகை அடித்தோம். மற்ற அறையில் இன்னும் சிப்போர்டுதான் இருக்கிறது. இரண்டின் மேலும் நாள்தோறும் நடக்கிறேன். என் பக்கம் மரப்பலகைதான்.

சிப்போர்டின் வசதிகளை மறுக்கவில்லை. விலை குறைவு. 8 அடிக்கு 4 அடி ஷீட் என்பதால் ஓர் அறை ஒரே நாளில் முடிந்துவிடும். தரை சமமாக வரும், இடுக்கு வழியாகக் குளிர்காற்று ஏறாது. மரப்பலகைக்குக் கூலியும் சேர்த்து ஏறக்குறைய ஒன்றரை மடங்கு செலவானது. நான்கு நாள் வேலை. இதுவே கணக்கு என்றால் சிப்போர்டு வென்றுவிடும்.

ஆனால் இங்கே கணக்கைத் தீர்மானிப்பது தண்ணீர்.

வைகாசிக் கடைசியில் தென்மேற்கு மழை பிடித்தால் மாதக்கணக்கில் துணி காயாது. பின்னேரமானால் பனிமூட்டம் வீட்டுக்கு அடியில் தூண்களுக்கு இடையே புகுந்து நிற்கும். தகரக் கூரையில் ஓர் ஆணி தளர்ந்தாலும் ஒழுக்குத்தான். எங்களுக்கு வந்தது குளியலறைக் குழாயின் கசிவு. சுவரோரமாகச் சொட்டியது வினைலுக்கு அடியில் பரவி, பல வாரம் யார் கண்ணிலும் படவில்லை. நடக்கும்போது கால் மெத்தென்று அமிழ்ந்த பிறகே வினைலைத் தூக்கிப் பார்த்தோம். இரண்டு ஷீட்கள் சேரும் விளிம்பு அரை விரல் உயரத்துக்குப் புடைத்திருந்தது. கையால் கிள்ளினால் தேநீரில் தோய்த்த பாண் போலப் பிய்ந்து வந்தது. ஆசாரி அண்ணன் திருகாணியை முடுக்கிப் பார்த்தார். அது பிடிமானமில்லாமல் சும்மா சுற்றியது. “இதில் எதைப் பிடித்து முடுக்குவது, தம்பி?” என்றார்.

சிப்போர்டு என்பது மரச்சீவல்களைப் பசையோடு சேர்த்துச் சூட்டில் அழுத்திச் செய்வது. ஈரம் பட்டதும் நசுங்கிக் கிடக்கும் சீவல் பழைய பருமனுக்கு விரிகிறது. சாதாரண ரகங்களில் சேர்க்கும் யூரியா ஃபோர்மல்டிஹைட் பசையும் ஈரத்தில் நெகிழ்ந்து விடுகிறது. காய்ந்த பிறகு அந்த வீக்கம் முழுதாக வற்றுவதில்லை. அறுத்த விளிம்புதான் முதலில் குடிக்கும். தரையில் பொருத்துகள் வருவதும் அதே விளிம்பில்தான். கெட்டது ஒரு முழம் என்றாலும் வெட்டி எடுக்கப் பெரிய துண்டாகவே எடுக்க வேண்டியிருந்தது. வெட்டிய ஓரங்களுக்கு அடியில் தாங்குவதற்குப் புதுச்சட்டமும் அடிக்க வேண்டும்.

மரமும் நனைந்தால் வீங்கும். ஆனால் காய்ந்ததும் திரும்பிவிடும். போன வருடம் ஜன்னல் திறந்திருந்த ஓர் இரவில் மழைச்சாரல் பலகை அறையை நனைத்தது. நான்கு பலகைகள் நடுவில் மெல்ல மேடு தட்டின. வெயில் வந்த சில வாரங்களில் தாமாகவே படிந்துவிட்டன. கொழுந்து வாட்டும் மேல்மாடிகளில் பலகைத் தரை கொண்ட பழைய தேயிலைத் தொழிற்சாலைகளைப் பார்த்தவர்களுக்கு இது புதுச்செய்தி அல்ல.

மரப்பலகையிலும் ஏமாறலாம்; அது வாங்கும் இடத்திலேயே நடந்துவிடும். எங்களுடையது கிராண்டிஸ், மலையகத்தில் தாராளமாகக் கிடைக்கும் யூக்கலிப்டஸ் வகை. பச்சையாக அடித்தால் முறுக்கும், நுனி வெடிக்கும், சுருங்கிச் சுருங்கி இடுக்கு விரல் நுழையும் அளவுக்கு அகலும். அங்குலக் கனத்துக்கு ஒரு வருடம் காற்றில் காய வேண்டும் என்பது பழைய கணக்கு. நம் ஈரத்தில் அதற்கும் மேல் பொறுப்பது நல்லது. மரம் விற்கும் மரக்காலையில் பலகைகளுக்கு நடுவே சட்டத்துண்டு வைத்துக் காற்றுப் போக அடுக்கியிருக்கிறார்களா என்று பாருங்கள். 8 அங்குல அகலத்தைவிட 4 அங்குலப் பலகை குறைவாகவே வளையும். வெள்ளை மரப்பகுதியில் வண்டு துளைக்கும் என்பதால் வெண்காரமும் போரிக் அமிலமும் கலந்த மருந்தை அடிப்பக்கமும் பூசினோம். இந்த மருந்து தண்ணீரில் கரைந்து போகும், ஆகவே ஒழுக்கு இருக்கும் இடத்தில் இதை மட்டும் நம்ப முடியாது. இன்னொரு குறை: பலகை விளிம்புகள் வினைலில் வரிவரியாகத் தெரியும். நாங்கள் வினைலைக் கைவிட்டுப் பாய் விரித்துக்கொண்டோம்.

சிப்போர்டேதான் என்றால் தரைக்கென்றே வரும் ஈரம் தாங்கும் ரகத்தைக் கேளுங்கள். ஐரோப்பியத் தரத்தில் அதற்கு பி5 என்று பெயர். அலுமாரி செய்யும் ஷீட் தரைக்கு ஆகாது. நாங்கள் செய்த இன்னொரு பிழை, 2 அடிக்கு ஒரு சட்டம் வைத்து 18 மில்லிமீற்றர் ஷீட் போட்டது. அந்த இடைவெளிக்கு 22 மில்லிமீற்றர் வேண்டும். 18 என்றால் சட்டங்கள் 16 அங்குலத்துக்கு ஒன்றாக வர வேண்டும். ஈரம் தாங்கும் ரகத்தை நண்பர் வீட்டு மேல்மாடி அறை ஒன்றில் மட்டுமே பார்த்திருக்கிறேன். அடியில் கூடம், தண்ணீர்க் குழாய் எதுவும் இல்லாத இடம். மூன்று வருடமாக நன்றாகவே இருக்கிறது. அப்படிப்பட்ட உலர்ந்த மேல்மாடிக்கு வேண்டாம் என்று சொல்ல மாட்டேன்.

எதைப் போட்டாலும் வீட்டுக்கு அடியில் உள்ள காற்றுத் துவாரங்களை அடைக்காதீர்கள். வெறும் மண்ணின் மேல் தடித்த பொலித்தீன் விரித்தால் கீழிருந்து ஏறும் ஈரம் பெரிதும் குறையும். எங்கள் பலகை அறையில் குளியலறைச் சுவரோரம் உள்ள மூன்று பலகைகளை மட்டும் ஆணி அடிக்காமல் திருகாணியால் பூட்டியிருக்கிறோம். குழாய் அவற்றுக்கு அடியில்தான் ஓடுகிறது. மழைக்காலத்தில் மாதம் ஒருமுறை கழற்றி, கையை விட்டுத் தடவிப் பார்த்துவிட்டு மூடுகிறேன்.