பணத்தைத் திரும்பக் கேட்டால் பவர் பத்திரம் செல்லவில்லை

பில்டரைக் கூடச் சமாளித்துவிடலாம் போலிருக்கிறது; இந்த லீவில் உயிரை வாங்கியது, நமக்குப் பதிலாக இன்னொருவர் கையெழுத்துப் போட எழுதிக்கொடுக்கும் பவர் பத்திரம்தான். வெளிநாட்டில் இருப்பவர்கள் ஃபிளாட் புக் பண்ணும்போது தம்பிக்கோ மச்சானுக்கோ கொடுக்கும் வழக்கமான பவர், வாங்குவதோடும் பதிவதோடும் நின்றுவிடும். சொன்ன தேதிக்குச் சாவி வராமல், 'பணத்தைக் கொடு, விலகிக்கொள்கிறேன்' என்று கேட்கும்போதுதான் அதன் லட்சணம் தெரியும்.

2023 வரை நம் ஊர் வழக்கம் தெரியுமே: யூடிஎஸ் எனப்படும் பிரிக்கப்படாத நிலப் பங்குக்குக் கிரயப் பத்திரம், கட்டடத்துக்குத் தனியாகக் கட்டுமான ஒப்பந்தம். அப்படி நிலம் ஏற்கெனவே நம் பேரில் பதிவாகியிருந்தால் பணத்தை வாங்கிக்கொண்டு அதைத் திருப்பி எழுதித் தரவேண்டும். பவரில் இல்லாத அதிகாரத்தைச் சார்பதிவாளர் ஒப்புக்கொள்ள மாட்டார். ஆகவே ரெராவிலும் (பில்டர்கள் மீதான புகாரை விசாரிக்கும் ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையம்) நுகர்வோர் ஆணையத்திலும் வழக்கு நடத்த, மேல்முறையீடு செய்ய, சமரசம் பேச, ரத்துப் பத்திரமோ மறுகிரயமோ பதிய என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள். இந்தியத் தூதரகத்தில் சான்று வாங்கி அனுப்பிய பத்திரத்துக்கு, இங்கே வந்து சேர்ந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டியாக வேண்டும். அந்தக் கூரியர் உறையைப் பத்திரமாக வையுங்கள். வந்த தேதியைக் காட்ட அது வேண்டியிருக்கும். சிங்கப்பூரில் இருந்து பழகியவர்களுக்கு இந்த அலைச்சல் கோபத்தைத்தான் கிளப்பும்.

சட்டம் மட்டும் நம் பக்கம்தான். 2016 ரெரா சட்டத்தின் 18ஆம் பிரிவுப்படி, காத்திருந்தால் தாமதமான ஒவ்வொரு மாதத்துக்கும் வட்டி. விலகினால் கட்டிய பணம் முழுதும் வட்டியோடு. தமிழ்நாட்டு விதிப்படி ஸ்டேட் பேங்கின் உச்ச எம்சிஎல்ஆர் (கடனுக்கான அடிப்படை வட்டி) விகிதத்தோடு 2 சதவீதம் கூட்டினால் வருவதே அந்த வட்டி. மணல் கிடைக்கவில்லை, ஆள் கிடைக்கவில்லை என்ற பழைய பல்லவியெல்லாம் விலகுபவரிடம் எடுபடாது. பணத்தைத் திரும்பப் பெறுவது நிபந்தனையற்ற உரிமை என்று உச்ச நீதிமன்றம் 2021-ல் நியூடெக் என்ற பில்டரின் வழக்கில் சொல்லிவிட்டது. நஷ்டஈடு வேண்டுமென்றால் அதை ரெராவின் தீர்ப்பு அலுவலரிடம் தனி மனுவாகக் கேட்க வேண்டும். பலர் இரண்டையும் ஒரே மனுவில் குழப்பி மாதங்களைத் தொலைக்கிறார்கள்.

ஒரு விஷயத்தில் சிங்கப்பூரை விட நம் ஊர் மேல். அங்கே புது வீட்டுக் குறைகளுக்குப் பொறுப்புக் காலம் 12 மாதம். இங்கே கட்டுமானக் குறை, வேலைத்தரக் குறைக்குச் சாவி வாங்கிய நாளிலிருந்து 5 வருடம். தெரிவித்த 30 நாளில் பில்டர் இலவசமாகச் சரிசெய்ய வேண்டும். எழுத்தில் தெரிவியுங்கள், வாட்ஸ்அப் குரூப்பில் புலம்புவதோடு விடாதீர்கள்.

உத்தரவு வந்த பிறகும் பணம் வராவிட்டால் நில வரி பாக்கி போல வசூலிக்க ரெரா சட்டத்தின் 40ஆம் பிரிவு இருக்கிறது. ஃபைல் கலெக்டர் அலுவலகத்துக்குப் போய் அங்கே தூங்கும். யாராவது நேரில் போய்ப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். பில்டர் மேல்முறையீட்டுக்குப் போவது இதைவிட நமக்கு நல்லது: நமக்குத் தரவேண்டிய தொகை முழுவதையும் முன்பணமாகக் கட்டினால்தான் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அவர் மனுவையே விசாரிக்கும்.