‘பெரியவர்களுக்கு நாலு கதை’ கேட்டேன்: ஏஐ உதவியாளர்களோடு ஒன்றரை வருடம்

அச்சகத்தில் தட்டச்சும் பிழைதிருத்தமும் என் பிழைப்பு. அழைப்பிதழ், விழா மலர், நோட்டீஸ், ஃப்ளெக்ஸ் என்று வருகிற வேலைக்கெல்லாம் ஒன்றரை வருடமாக இரண்டு ஏஐ செயலிகளை வைத்திருக்கிறேன். ஒன்று இலவசம், இன்னொன்றுக்கு மாதச் சந்தா. பெயர் வேண்டாம். தமிழ் இரண்டுமே நன்றாக எழுதும். ‘இது ஆபாசமோ’ என்று சந்தேகம் வருகிற இடத்தில்தான் வித்தியாசம் தெரிகிறது.

ஓய்வூதியர் சங்க மலருக்காக, “பெரியவர்களுக்கு ஏற்ற குட்டிக் கதை நாலு வேண்டும்” என்று இலவசத்திடம் கேட்டேன். பாலியல் கதைகள் எழுத இயலாது என்று கையை விரித்துவிட்டது. எழுபது வயதுத் தாத்தாக்களுக்கு அய்யா என்று விளக்கிய பிறகுதான் எழுதியது. ‘அடல்ட்’ என்று ஆங்கிலத்தில் யோசித்துவிட்டுத் தமிழில் பேசுகிறது போல.

அப்புறம் குறள். பள்ளி ஆண்டு மலருக்குக் கல்லாமை அதிகாரத்துக்கு எளிய உரை கேட்டால், 402ஆம் குறளை மட்டும் விட்டுவிட்டது. அதில் ‘முலை’ என்ற சொல் இருக்கிறது, அவ்வளவுதான். படிக்காதவன் சபையில் பேச ஆசைப்படுவதைக் கேலி செய்கிற குறள் அது. காமத்துப்பால்கூட இல்லை, பொருட்பால்! சந்தாச் செயலி ஒழுங்காக உரை எழுதிவிட்டு, “படிப்பது எந்த வகுப்பு மாணவர்கள்? உவமையை அதற்கேற்பச் சொல்கிறேன்” என்று கேட்டது. அந்த ஒரு கேள்விக்காகவே பணம் கட்டலாம்.

சிரிக்க முடியாததும் ஒன்று நடந்தது. மஞ்சள் நீராட்டு விழா அழைப்பிதழை வெளிநாட்டு உறவினர்களுக்காக ஆங்கிலத்திலும் கேட்டார்கள். ‘வயதுக்கு வந்த எங்கள் மகள்’ என்பதை, சட்டப்படி வயது நிரம்பிய பெண் என்ற பொருளில் மொழிபெயர்த்தது இலவசம். பிள்ளைக்கு 12 வயது. ‘வயது வந்தோர்’ என்றால் 18 முடிந்தவர். சினிமா போஸ்டரில் இருப்பதும் வாக்குரிமையில் இருப்பதும் அந்தச் சொல். ‘வயதுக்கு வந்தவள்’ குழந்தை. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டமும் 18 வயதுக்குக் கீழே உள்ள எல்லோரையும் குழந்தை என்றுதான் சொல்கிறது. நடுவில் நிற்பது ஒரு ‘க்கு’. தாத்தாக்களின் கதைக்கு அத்தனை பயந்த செயலி, இங்கே கொஞ்சமும் தயங்கவில்லை. நான் கவனிக்காமல் அச்சுக்கு விட்டிருந்தால்?

உண்மையிலேயே இரண்டுங்கெட்டானாக வந்த வேலை ஒரு கல்யாண ஃப்ளெக்ஸ். “முதலிரவை வைச்சுக் கிண்டலா நாலு வரி போடுங்கண்ணே” என்றார்கள் மாப்பிள்ளையின் நண்பர்கள். அப்படியே இரண்டிலும் தட்டினேன். இலவசத்துக்கு அன்றைக்கு என்ன மனநிலையோ, விரசமாகவே எழுதித் தள்ளியது. சந்தாச் செயலி, “ஃப்ளெக்ஸை எங்கே கட்டுவார்கள்? இரு வீட்டாரும் பார்ப்பார்களா?” என்று கேட்டது. மண்டப வாசல் என்றேன். ‘இன்று முதல் மாப்பிள்ளையின் போன் ஸ்விட்ச் ஆஃப்’ என்கிற ரகத்தில் நாலு வரி வந்தது. பையன்களுக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். பெண்ணின் தாய்மாமா சிரித்தாராம்.

சந்தாச் செயலியும் சில நாள் கேள்வி கேட்டே கொல்லும். மார்பகப் புற்றுநோய் முகாம் நோட்டீஸுக்கு எதற்கு மூன்று கேள்வி? இப்போதெல்லாம் யார் படிப்பார்கள், எங்கே ஒட்டுவார்கள் என்று முதல் வரியிலேயே எழுதிவிடுகிறேன். பாதித் தொல்லை குறைந்திருக்கிறது. சடங்கு அழைப்பிதழை மட்டும் எதனிடமும் கொடுப்பதில்லை, நானே தட்டச்சு செய்கிறேன்.